தோக்கடிக்கிற அதிகாரத்தக் குடு, பேராண்டி

ஏலே பேராண்டி, உன் யூடியூப் சேனலுக்குச் சம்பளம் இல்லாம ஒரு ஆள வேலைக்கு வச்சுருக்கியாம, பேரு நைட்பாட்டாம. உங்கம்மா சொன்னா. நல்ல காரியம்ல. இந்த வீட்டுல சம்பளம் இல்லாம பாடுபடுத ஆளு இதுவரைக்கும் அவ ஒருத்திதான் இருந்தா. இப்பத் துணைக்கு ஒண்ணு வந்துருக்குன்னு அவளுக்கும் சந்தோசம்.

ராத்திரி கண்ணாடியப் போட்டுக்கிட்டு நானும் உன் லைவ்வத் தொறந்து பாத்தேன். நீ பிஜிஎம்ஐங்குத துப்பாக்கி ஆட்டத்துல ஒரு புதருக்குள்ள பதுங்கிக் கெடக்க. பேச்சு மூச்சு இல்ல. சாட்ல அந்த பாட் மட்டும் பேசிக்கிட்டு இருக்கு: ‘லைக் போடுங்க மக்களே, சப்ஸ்கிரைப் பண்ணுங்க மக்களே.’ அஞ்சு நிமிசம் கழிச்சு மறுபடியும் அதே. யாருல அந்த மக்கள்னு கணக்குப் பாத்தேன். பாத்துக்கிட்டு இருந்தது நாலு பேரு. ஒண்ணு நான், ஒண்ணு உங்க அத்தை மகன், ஒண்ணு நீயே இன்னொரு போன்ல. நாலாவது ஆளு யாருன்னு தெரியல, அவன் வாயத் தொறக்கல. பாவம், பாட் இம்புட்டுக் கெஞ்சுதேன்னு எனக்கு மனசு கேக்கல. ஏற்கெனவே பண்ணிருந்த சப்ஸ்கிரைப்ப எடுத்துவிட்டேன். திரும்பப் பண்ண ஒரு ஆளாவது இருக்கணும்லா.

நீ கோவிச்சுக்கிடாத. உனக்கு யோசன சொல்லத்தான் இத எழுதுதேன். கெழவனுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்னு கேப்ப. தெனம் ரெண்டு ஜிபின்னு எனக்கு ரீசார்ஜ் போட்டுக் குடுத்தது நீதானல? அத வச்சு நான் என்ன வெத்தலையா போட முடியும்? படிச்சேன்.

மொதல்ல ஒண்ணத் தெரிஞ்சுக்கோ. பாட்டுங்கது பெரிய மாயம் ஒண்ணும் இல்ல. ட்விட்ச்ங்குத லைவ் தளத்துல இருக்க சாட்டு, ஐஆர்சின்னு ஒரு பழைய ஏற்பாட்டு மேல நடக்குது. 1988-ல பின்லாந்து தேசத்துல ஔலு பல்கலைக்கழகத்துல ஒருத்தரு உண்டாக்குனது. அதுல நீ எப்படிப் பேரு குடுத்து உள்ள நுழையுதியோ அப்படித்தான் பாட்டும் நுழையுது. எல்லாரும் அடிக்கதப் படிக்குது. தனக்குச் சொல்லி வச்ச சொல்லு வந்தா, சொல்லிக்குடுத்த பதிலச் சொல்லுது. அதுக்கும் ஒரு கட்டுப்பாடு இருக்கு. ட்விட்ச்ல சாதாரணக் கணக்குன்னா 30 விநாடிக்கு 20 வரிக்கு மேல பேசக்கூடாது, மாடரேட்டர்னா 100. மீறுனா சத்தத்த அமுக்கிருவான். இந்தச் சட்டம் மட்டும் நம்ம ஊரு டீக்கடையில இருந்தா உங்க சித்தப்பன் ஒரு டீயக் குடிச்சு முடிக்கதுக்குள்ள வாய்க்குப் பூட்டு விழுந்துரும்.

உன் சாட்ல வார பயலுவ என்ன கேக்கானுவன்னு பாத்தேன். ‘அண்ணா என்ன போன்?’ ‘அண்ணா சென்சிடிவிட்டி கோட் என்ன?’ ‘அண்ணா கஸ்டம் ரூம் எப்போ?’ என்னைக்கும் இதே மூணுதான். நீ ஒவ்வொருத்தனுக்கும் துப்பாக்கியக் கீழ வச்சுட்டுப் பதில் சொல்லுத, அதுக்குள்ள எவனாவது வந்து உன் மண்டையத் தெறிக்க விடுதான். இங்ஙனதான் பாட்டு வேணும். ஆச்சரியக்குறி போட்டு ‘போன்’னு அடிச்சா அது பதில் சொல்லட்டும், ‘ரூம்’னு அடிச்சா அது நேரத்தச் சொல்லட்டும். அந்த லைக்குப் பிச்சைய மட்டும் கொஞ்சம் அடக்கி வை. டைமர்ல, ‘சாட்ல இத்தன வரி யாராவது பேசியிருந்தாத்தான் நீ வாயத் தொறக்கணும்’னு வைக்க ஒரு எடம் இருக்கு. அதப் பாக்கவே இல்லையால?

எனக்கு ரொம்பப் பிடிச்சது பாட்டு செய்யுத எண்ணிக்கை வேலைதான். நீ சாவும்போதெல்லாம் ஒருத்தன் ‘செத்தாரு’ன்னு அடிச்சா, ‘அண்ணன் இன்னைக்கு 14-வது தடவையாச் செத்துட்டாரு’ன்னு பாட் அறிவிக்கும். ஆனா பாத்துக்கோ, ரெண்டு அடிக்கு நடுவுல இம்புட்டு இடைவெளி இருக்கணும்னு கூல்டவுன் வைக்கணும். இல்லன்னா நீ ஒரு தடவ சாவ, அஞ்சு பேரு சேந்து அடிப்பானுவ, அஞ்சு சாவாகிப் போவும். கணக்கு தப்பா ஏறும்னு பயமா இருந்தா மாடரேட்டர் மட்டும்தான் அடிக்கலாம்னும் வைக்கலாம். மாடரேட்டர் வேலைக்கு நம்பிக்கையான ஆளு வேணும்னா நான் இருக்கேன். உன் சாவ ஒண்ணு விடாம எழுதி வைப்பேன்.

சரி, இதெல்லாம் சில்லறை வேல. பாக்கவனையும் ஆட்டத்துக்குள்ள இழுக்கணும்னு நீ சொல்லுதியே, அதுக்கு ஒரு பழைய கதை இருக்கு.

2014 பிப்ரவரி 12-ந் தேதி, பேரச் சொல்லிக்கிடாத ஒரு ஆஸ்திரேலியாக்காரன் ட்விட்ச்ல ஒரு லைவ்வப் போட்டான். ஆடுததுக்கு ஆளே கெடையாது. கேம்பாய்ல ஆடுத ‘பொக்கேமான் ரெட்’னு ஒரு பழைய ஆட்டம் அது. சாட்ல எவனாவது ‘அப்’, ‘டவுன்’, ‘ஏ’, ‘பி’, ‘ஸ்டார்ட்’னு அடிச்சா, அவன் எழுதுன பாட்டு அத வாங்கி அந்தப் பொத்தான அமுக்கும். அம்புட்டுத்தான். காத்துவாக்குல சேதி பரவி, ஒரே நேரத்துல லட்சத்துக்கும் மேல ஆளு வந்துட்டு. ஒருத்தன் தெக்க போங்கான், ஒருத்தன் வடக்க போங்கான். ஆட்டத்துல இருக்க பய கிறுகிறுன்னு சுத்துதான். இதுல படத்துக்கும் சாட்டுக்கும் நடுவுல இருபது விநாடிக்கு மேல பிந்துது வேற. ஒரு மேட்டோரமா ஒழுங்கா நடந்து போகணும், வழியில ஒரே ஒரு தடவ ‘டவுன்’ விழுந்தாலும் கீழ குதிச்சிருவான், மறுபடியும் சுத்திக்கிட்டு வரணும். சின்னப்புள்ள கையில குடுத்தா நிமிசத்துல தாண்டிரும். இவனுவ மணிக்கணக்குல அங்ஙனயே கெடந்தானுவ. ஏன்னா, அத்தன பேருல ‘டவுன்’ அடிக்கதுக்குன்னே வந்தவனும் இருந்தான்லா.

பாத்தான் அந்த ஆஸ்திரேலியாக்காரன். இது தேறாதுன்னு ஒரு வழி கண்டுபிடிச்சான். கொஞ்ச நேரம் எல்லாரோட ஓட்டையும் வாங்கி, அதிக ஓட்டு விழுந்த பொத்தான மட்டும் அமுக்குத மாதிரி பாட்ட மாத்தினான். இதுக்கு சனநாயகம்னு பேரு, பழசுக்கு அராஜகம்னு பேரு. எது வேணும்னு சாட்டே தீர்மானிக்கலாம். வந்துச்சு பாரு கலகம்! சனநாயகம் வேண்டாம்னு போராட்டமே நடத்திட்டானுவ. ‘ஸ்டார்ட்9’னு எல்லாருமாச் சேந்து அடிச்சு, ஓட்டு முறைய வச்சே ஆட்டத்த நகரவிடாம மறிச்சானுவ. நான் எத்தனையோ பஞ்சாயத்துத் தேர்தலப் பாத்தவன்ல, ஓட்டுப் போட்டு ஓட்ட எதுத்த சனத்த இப்பத்தான் பாக்குதேன். நடுவுல ஒருநா, பாடுபட்டு வளத்த பொக்கேமான்களக் கூட்டமா அவுத்துவிட்டு, அதுக்கு ஒப்பாரியும் வச்சானுவ. அப்படியும் மார்ச் 1-ந் தேதி, பதினாறு நாளுக்குப் பொறவு, ஆட்டத்த முடிச்சே காட்டுனானுவ. அதுல கை வச்சவன் 11 லட்சத்துக்கும் மேல.

இதுல நீ எடுத்துக்க வேண்டியது என்னன்னா, அந்த லட்சம் பேரும் ஜெயிக்கதப் பாக்க வரல. ஜெயிக்கதப் பாக்கணும்னா அந்த ஆட்டத்த நல்லா ஆடுதவன் ஆயிரம் பேரு இருந்தான். தன்னால ஒண்ணு கெட்டுப்போகுமா, தன்னால ஒண்ணு தப்பிக்குமான்னு பாக்கத்தான் வந்தானுவ. ‘டவுன்’னு அடிச்ச அடுத்த நொடி அவன் விழுந்தா, ‘நாந்தான்ல தள்ளிவிட்டேன்’னு ஒவ்வொருத்தனும் சொல்லிக்கிடலாம்லா.

நம்ம அம்மன் கோயில் கொடைக்கு ‘வள்ளி திருமணம்’ நாடகம் போடுவாங்கல்லா, அத நெனச்சுப் பாரு. ராஜபார்ட்டு உள்ள வேசம் கட்டிக்கிட்டு இருக்கையில பபூன் வந்து நிப்பான். முன்வரிசையில உக்காந்துருக்கவனப் பேரு சொல்லிக் கிண்டலடிப்பான். அவன் திருப்பி ஒண்ணு சொல்லுவான், சபை சிரிக்கும். எவனோ பத்து ரூவா அன்பளிப்பு நீட்டுனா, பாட்ட நிறுத்திட்டு ‘மேலத்தெரு இன்னார் மகன் இன்னார்’னு மைக்குல அறிவிப்பாங்க. உன் சூப்பர் சாட்டு இப்ப வந்தது, எங்க சூப்பர் சாட்டுக்கு வயசு என்னன்னு எனக்கே தெரியாது. நாரதருக்கும் வள்ளிக்கும் தர்க்கம் நடக்கையில சபையில பாதி வள்ளி பக்கம், பாதி நாரதர் பக்கம். கைதட்டல் எந்தப் பக்கம் ஓங்குதோ அந்தப் பக்கம் தர்க்கம் நீளும், விடிஞ்சாலும் நீளும். சபையக் கேட்டு ஆட்டம் மாறணும். மாறலன்னா சனம் பாய மடக்கிக்கிட்டுப் போயிரும்.

நீ என்ன செய்யுத? போன வாரம் ‘எந்த ஊருல எறங்கலாம் மக்களே? பொச்சிங்கியா, ஜார்ஜோபோலா?’ன்னு கேட்ட. நாங்க பொச்சிங்கின்னு அடிச்சோம். நீ ‘சூப்பர் மக்களே’ன்னுட்டு ஊருக்கு ஒதுக்குப்புறமா ஒரு வீட்டுல போய் எறங்குன. நான் கண்ணாடியத் தொடச்சுட்டுப் பாத்தேன், அது பொச்சிங்கி இல்ல. ஏம்ல இந்த நாடகம்? பொச்சிங்கில எறங்குனா சுத்தி இருபது பேரு எறங்குவான், துப்பாக்கி எடுக்கதுக்கு முன்னாடி செத்துருவேன்னு உனக்கு பயம். அதுக்குத்தானல நாங்க பொச்சிங்கி போட்டோம்! ஓட்டு வச்சா, தோத்துப்போறதுக்குத் தயாரா வை. இல்லையா, ‘சட்டை எந்தக் கலரு போட’ன்னு கேளு, அதுலயாவது பேச்ச மாத்தாம நடப்ப.

எப்ப கேக்குதங்கதும் முக்கியம். யூடியூப்ல லேட்டன்சின்னு மூணு தினுசு வச்சுருக்கான். ரொம்பக் கொறச்சல்னு போட்டாலும் நீ பேசுதது எங்கிட்ட வந்து சேர நாலஞ்சு விநாடி ஆகும். சாதாரணத்துல போட்டா அதவிட எம்புட்டோ பிந்தும். அந்த நேரத்துல நான் படிச்சு, யோசிச்சு, விரலால எழுத்தத் தேடி அடிச்சு, அது உன்கிட்ட வரணும். நீ எதிரியப் பாத்துட்டு ‘சுடவா வேண்டாமா மக்களே?’ன்னு கேட்டா, எங்க பதில் உன் கருமாதிக்குத்தான் வரும். ஆட்டம் தொடங்க முன்னாடி காத்துக் கெடக்க நேரத்துல கேளு. செத்து லாபிக்கு வந்த பொறவு கேளு. நீ வேணும் வேணும்னு சாவுதியோன்னு எனக்கே சந்தேகம் வருத அளவுக்கு அந்த நேரம் உனக்கு நெறைய இருக்கு.

இதுல இன்னொரு சிக்கல் இருக்கு, பேராண்டி. எங்க எறங்கப் போறன்னு ஊரறியச் சொன்னா, அதே ஆட்டத்துல இருக்கவன் ஒருத்தன் உன் லைவ்வப் பாத்துக்கிட்டே வந்து உன்னப் போட்டுத் தள்ளுவான். ஸ்ட்ரீம் ஸ்னைப்பிங்னு பேராம் இதுக்கு. அவன ஏமாத்தணும்னா படத்த ரெண்டு மூணு நிமிசம் பிந்த விடணும். பிந்த விட்டா எங்ககூடப் பேச முடியாது. ரெண்டையும் சேத்துச் சரிபண்ண எந்தப் பாட்டாலயும் ஆகாது. போட்டியில ஆடுதன்னைக்கு நாங்க வேண்டாம், பிந்த விட்டுக்கோ. சும்மா ஆடுதன்னைக்கு எங்களக் கூப்பிடு. ரெண்டும் ஒரே ராத்திரில வேணும்னா எப்படில?

சொந்தக் கம்ப்யூட்டர்ல தனியா ஆடுத ஆட்டம்னா இந்தத் தொல்ல இல்ல. மைன்கிராஃப்ட் ஆடு. அதுக்கு கிரவுட் கன்ட்ரோல்னு ஒரு கருவி இருக்கு. பாக்கவன் கேட்டா ஆட்டத்துக்குள்ளயே உன் முதுகுக்குப் பின்னால கிரீப்பர்ங்குத பூதம் ஒண்ண எறக்கிவிடும். நீ வைரம் வெட்டி எடுத்துட்டு ‘அப்பாடா’ன்னு நிக்கையில டமார்னு வெடிக்கும். ‘டெட் செல்ஸ்’ங்குத ஆட்டத்துலயே ட்விட்ச் சாட்டு ஓட்டுப் போடுததுக்கு வழி வச்சுருக்கானுவ. பிஜிஎம்ஐல மட்டும் அப்படி எதையும் சொருகிப் பாக்காத. ஆட்டத்துக்குள்ள வெளிக் கருவி கை வச்சா கணக்கத் தூக்கிருவான். அங்ஙன பாட்டு எண்ணிச் சொல்லட்டும், நீ வாக்கு மாறாம நட. அம்புட்டுத்தான் அங்ஙன முடியும்.

அப்புறம் கெட்ட வார்த்த. இந்த விசயத்துல உன் பாட்டுக்குப் பள்ளிக்கூடம் பத்தாது. இங்கிலீசு வசவு ஒண்ணு ரெண்டு அடிச்சா டக்குன்னு அழிக்குது. நம்ம பயலுவ தமிழ் வசவ இங்கிலீசு எழுத்துல, அதுவும் ஆளுக்கு ஒரு விதமா எழுதுதானுவ. நடுவுல புள்ளி வைக்கான், எழுத்த நீட்டுதான், ‘ஓ’வுக்குப் பதிலா சைபர் போடுதான். பாட்டு அத மந்திரம்னு நெனச்சு விட்டுருது. உங்கம்மா ஒருநா எட்டிப் பாத்துட்டு ‘இவன் என்ன மாமா சொல்லுதான்?’னு கேட்டா. தெலுங்கும்மான்னு சொல்லித் தப்பிச்சேன். தடுக்க வேண்டிய சொல்லு எல்லாத்தையும் நீயே உக்காந்து பட்டியல்ல ஏத்தணும், எழுத்து மாத்தி எழுதுனா அதையும் சேத்து. பட்டியலுக்குச் சரக்குப் பத்தலன்னா எங்கிட்ட வா. அம்பது வருசமா வாய்க்கா வரப்புத் தகராறுல சேத்து வச்சது இருக்கு, இலவசம்.

ஆனா சிரிப்பு வேற, இது வேற. 2021-ல ட்விட்ச்ல ஒரு கூட்டம் இதே பாட்டுகள நூத்துக்கணக்குல ஏவிவிட்டு, கறுப்பினத்தாரு, திருநங்கையரு நடத்துன சேனலாப் பாத்துப் பாத்து அசிங்கமாக் கொட்டுச்சு. தாங்க மாட்டாம செப்டம்பர் 1-ந் தேதி ஒருநா ட்விட்ச்சே வேண்டாம்னு நெறையப் பேரு வேலநிறுத்தம் செஞ்சாங்க. உன் சேனல் சின்னதுன்னு அசட்டையா இருக்காத. லைவ்வுக்கு வார புள்ளைகள எவனாவது ஒரு சொல்லு சொன்னா, அழிக்கது பாட்டு வேலன்னு இருக்காத. நீ ஆட்டத்த நிறுத்திட்டு அவன வெளிய அனுப்பு. சாட்டுல இருக்கவன் பாட்டப் பாக்கல, நீ என்ன செய்யுதன்னுதான் பாக்குதான்.

இப்ப நீ ஏஐ பாட்டு வைக்கப் போறேன்னு கேள்விப்பட்டேன். அதுவாப் பேசுமாம், பதில் சொல்லுமாம், நீ பேசவே வேண்டாமாம். பேஷ்! நியூரோ-சாமான்னு ஒண்ணு இருக்கு, மனுசப் பிறவியே இல்ல, படத்துல ஒரு பொம்பளப்புள்ள. 2022 டிசம்பர்ல ட்விட்ச்ல வந்து ‘ஓசு’ங்குத தாள ஆட்டத்த ஆடிக்கிட்டே சாட்டுக்குப் பதிலும் சொல்லுச்சு. சனம் அள்ளிச்சு. அடுத்த மாசமே பேசக்கூடாதத எதையோ பேசிப்புட்டு ரெண்டு வாரம் தடை வாங்குச்சு. இருந்தாலும் திரும்பி வந்து அமோகமா இருக்கு. அதுக்குப் பின்னால ராப்பகலா வேல பாக்குத ஒரு ஆளு இருக்கான், கூடவே பேசிச் சண்டையும் போடுதான், அதுதான் காரணம். நீ வாயத் தொறக்காம ஏஐய மட்டும் பேச விட்டா, அந்த நாலு பேருல நான், உங்க அத்தை மகன், பேசாத ஒருத்தன் மூணு பேரும் அதுகூடவே பேசிட்டுப் போயிருவோம். உன்ன எதுக்குத் தேடணும்?

ஆளு எண்ணிக்கையக் கூட்டிக் காட்டுத பாட்டும் விக்கானுவ. அந்தப் பக்கம் தல வச்சுப் படுக்காத. அத வித்தவனுவ மேல ட்விட்ச்சு 2016-லயே கேசு போட்டுருக்கு. ஆளில்லாத கூட்டம் வேணும்னா நம்ம மொட்டமாடியில போய் நின்னு பேசு, கரண்டுச் செலவாவது மிச்சம்.

இதையும் சொல்லிருதேன். அந்த நாலாவது ஆளு, வாயத் தொறக்காதவன், இன்னொரு நா ஒரே ஒரு தடவ ‘அண்ணா பின்னால’ன்னு அடிச்சான். உனக்குப் பின்னால எதிரி வந்துருந்தான். பாட்டு அதுக்கு மேலயே லைக்குப் பிச்சையப் போட்டுச்சு, நீ பாக்கல, செத்த. பொறவு அவன் எழுதவே இல்ல. அவன் எழுதுனத நீ உரக்கப் படிச்சு, ‘தம்பி நீ சொன்னது சரி, நாந்தான் திரும்பல’ன்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா மறுநாளும் எழுதியிருப்பான். ஆட்டத்த மட்டும் நம்பாத. 2020-ல பிஜிஎம்ஐக்கு முன்னாடி இருந்த பப்ஜிய அரசாங்கம் தடை பண்ணுச்சு, 2022 ஜூலையில பிஜிஎம்ஐயையும் தூக்குச்சு, மறு வருசம் மே மாசம்தான் திரும்பி வந்துச்சு. நாளைக்கு மறுபடி தூக்கலாம். ஆட்டத்தப் பாக்க வந்தவன் ஆட்டத்தோட போயிருவான். நீ பேரு சொல்லிப் பதில் சொன்னவன், நீ லூடோ ஆடுனாலும் வந்து உக்காருவான்.

நாளைக்கு ராத்திரி ஓட்டு வை. பொச்சிங்கி ஜெயிச்சா பொச்சிங்கியிலயே எறங்கு. அப்புறம் ஓட்டுப் போட முப்பது விநாடியாவது குடுல, எனக்குக் கண்ணாடியத் தேடணும்.